நாலு அங்குலத் திருட்டு

டேப்பக்கா கடவுளைக் கும்பிடுவார், ஆனால் நம்பமாட்டார். கோயிலில் ஐயர் கிள்ளிக் கொடுக்கும் திருநீறு பக்கத்தில் நிற்பவருக்குக் கொடுத்ததைவிடக் குறைவா என்று எட்டிப் பார்த்துவிட்டுத்தான் நெற்றியில் பூசுவார். மலாக்காவில் காஜா பேராங் சாலையில் அந்தக் காலத்தில் குடியிருந்த யாரைக் கேட்டாலும், மனுஷ ஜென்மத்தில் அப்படி ஒரு சந்தேகப் பிராணியைப் பார்த்ததில்லை என்றுதான் சொல்வார்கள்.

அவருடைய உண்மைப் பெயர் எனக்குத் தெரியாது. ஒருமுறை கேட்டேன். "எதுக்கு?" என்று திருப்பிக் கேட்டார். அதோடு விட்டுவிட்டேன். பெண்களுக்கு ரவிக்கையும் உள்ளே போடும் பாடியும் தைப்பது அவர் தொழில். அளவு டேப் எந்நேரமும் கழுத்தில் தொங்கும். குளிக்கும்போது மட்டும் கழற்றுவார், நனைந்தால் சுருங்கி நம்மை ஏமாற்றிவிடும் என்று. ஆண்களுக்குத் தைக்கமாட்டார். ஏன் கல்யாணம் செய்துகொள்ளவில்லை என்று கேட்ட ஒருத்தியிடம், "ஆம்பளைய எந்தப் பக்கத்துல இருந்து அளக்கிறது?" என்று கேட்டாராம்.

அந்த டேப்பின் கதையே தனி. கடையில் வாங்கும்போது அதன் ஒரு பக்கம் அங்குலமும் மறுபக்கம் சென்டிமீட்டரும் இருந்தன. அக்கா சென்டிமீட்டர் பக்கத்தின் மேல் ஒரு கறுப்பு ரிப்பனை வைத்து நெடுகத் தைத்து மூடிவிட்டார். ஒரே நீளத்துக்கு ஒரு பக்கம் இருபது, மறுபக்கம் ஐம்பது என்று இரண்டு கணக்கு வைத்திருப்பவன் யோக்கியனாக இருக்க முடியாது என்பது அவர் கட்சி.

சைக்கிளில் ரொட்டி கொண்டுவருபவர் அக்கா வீட்டு வாசலில் மட்டும் இறங்கி நிற்க வேண்டும். ரொட்டியின் நீளம், அகலம், உயரம் எல்லாம் அளந்த பிறகுதான் அடுத்த வீட்டுக்குப் போகலாம். நாடு சுதந்திரம் அடைந்தபோது எதிர்வரிசைச் சீனர் தன் கடை வாசலில் புதுக்கொடி கட்டினார். ஊரே அண்ணாந்து பார்த்துக் கண்கலங்கியது. அக்கா ஸ்டூல் போட்டு ஏறி, கொடியின் கோடுகளை ஒவ்வொன்றாக அளந்து, கீழ்க்கோடு மேல்கோட்டைவிட ஒல்லி என்று சொல்லிவிட்டு இறங்கினார். பாவம் அந்தக் கடைக்காரத் தவுக்கே, கொடியைக் கழற்றிக் கொண்டுபோய் மாற்றி வந்தார்.

நான் அப்போது தமிழ்ப்பள்ளியில் புது டீச்சர். வீடு புக்கிட் ரம்பாயில். பஸ்ஸில் போய்வர முடியாமல் அக்கா வீட்டு மாடியறையை வாடகைக்கு எடுத்தேன். பெட்டியோடு நின்றவளை உள்ளே கூப்பிடுவதற்கு முன்னால் வாசலிலேயே நிறுத்தி, மார்பு, இடுப்பு, கை என்று அளந்தார். ரவிக்கை தைக்கிறார் போலிருக்கிறது, நல்ல மனுஷி என்று நினைத்தேன்.

"நாளைக்கு உங்கம்மா வந்து, என் பிள்ளைய எளைக்க வெச்சிட்டேனு சொன்னா? எனக்கு அத்தாட்சி வேணும்ல," என்றார்.

மாதம் பிறந்தால் வாடகை வாங்குவதற்கு முன்னால் இந்த அளவு. அத்தாட்சிக்காகவே கோழிக்குழம்பில் எனக்கு ஒரு துண்டு கூடுதலாக விழுந்தது என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

ஆனால் ரவிக்கை தைத்தால் ஒரு நூல்கூட உள்ளே விட்டுத் தைக்கமாட்டார். மற்ற தையற்காரர்கள் பின்னால் பிரித்துவிட்டுக்கொள்ள வசதியாக உள்பக்கம் கொஞ்சம் துணியை மடித்து விடுவார்கள். அக்காவிடம் அது நடக்காது. "ஒடம்புக்கு எடம் குடுத்தா ஏறி உக்காந்துக்கும்," என்பார். காஜா பேராங் பெண்கள் தீபாவளிக்குப் பலகாரம் சாப்பிட யோசித்ததற்கு இவர்தான் காரணம். அவர் தைக்கும் பாடியோ இன்னும் மோசம். கித்தானைப் போன்ற தடித்த துணி, முதுகில் வரிசையாகப் பொத்தான். அதைப் போட்டுக்கொண்டு வகுப்பில் உரக்க வாய்ப்பாடு சொல்லிக்கொடுக்கவே முடியாது, மூச்சு பாதியில் நின்றுவிடும்.

சாலை முனையில் கெஜக்கோல் நாநாவின் துணிக்கடை. தலைமுறை தலைமுறையாக மலாக்காவில் கடை வைத்திருக்கும் தமிழ் முஸ்லிம் குடும்பம். ஒல்லியான, அதிர்ந்து பேசாத மனிதர். பித்தளைக் கெஜக்கோலால் துணி அளந்து, ஒவ்வொரு கெஜத்தின் முடிவிலும் தன் கட்டைவிரலைப் படுக்க வைத்து, அந்த அகலத்தையும் சேர்த்துத்தான் கத்தரிப்பார். கூடுதல் துணிக்குக் காசு கிடையாது. அவருடைய வாப்பா சொல்லிக்கொடுத்த வழக்கம் அது. தெருவே இதற்காக நாநாவைக் கொண்டாடியது. அக்காவுக்கு மட்டும் அந்தக் கட்டைவிரல் உறுத்திக்கொண்டே இருந்தது. சும்மா கொடுப்பவனை எப்படி நம்புவது?

அந்தத் தீபாவளிக்கு முன்னால்தான் சிங்கப்பூர் ஏஜெண்டு ஒருவர் நாநாவின் தலையில் ஒரு சரக்கைக் கட்டிவிட்டுப் போனார். டப்பா டப்பாவாக ரெடிமேட் பாடி. இங்கிலீஷ் கம்பெனியுடையது கொஞ்சம், டச்சுக் கம்பெனியுடையது கொஞ்சம், சைகோன் பக்கம் விற்காமல் திரும்பிய பிரெஞ்சுச் சரக்கு கொஞ்சம். மனிதருக்கு அதன் பெயரைச் சொல்லவே வராது. "அந்தச் சாமான்" என்பார். பெண்கள் கேட்டால் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டு, கெஜக்கோலைப் பின்னால் நீட்டி டப்பாவைத் தொட்டுக் காட்டுவார். எடுத்துக்கொண்டு காசை மேசையில் வைத்துவிட்டுப் போய்விட வேண்டும். போய்விட்டார்களா என்று அவர்களுடைய செருப்புச் சத்தத்தை வைத்துத்தான் தெரிந்துகொள்வார்.

டப்பாவின் மேல் ஒரு எண்ணும் ஏ, பி, சி என்று ஒரு எழுத்தும் இருக்கும். எழுத்துக்கு என்ன அர்த்தம் என்று யாருக்கும் தெரியாது. ரப்பர் ஷீட்டில் தரம் பிரிப்பதைப் பார்த்தே வளர்ந்த ஊர் அல்லவா? ஏ என்றால் முதல் தரம், சி என்றால் கழிவு என்று பெண்கள் தாங்களாகவே முடிவு செய்துகொண்டார்கள். காசு கொடுத்து யார் மூன்றாம் தரம் வாங்குவார்கள்? ஒன்பது பிள்ளை பெற்று வளர்த்த மகராசிகள்கூட 'ஏ'தான் வேண்டும் என்று நின்றார்கள்.

நான் யாருக்கும் தெரியாமல் ஒரு இங்கிலீஷ் டப்பா வாங்கினேன். அக்கா மாதாமாதம் மார்பைச் சுற்றி அளந்து சொல்லும் அளவு முப்பத்து நாலுக்குச் சற்று மேலே. டப்பாவிலும் முப்பத்து நாலு, ஏ. போட்டுப் பார்த்தேன். மூச்சு முழுதாக வந்தது. அன்று வகுப்பில் பதினாறாம் வாய்ப்பாடு வரைக்கும் போனேன்.

ஆனால் அந்த வீட்டில் எதையும் மறைத்துக் காயப்போட முடியாது. மறுநாள் பள்ளி விட்டு வந்தபோது அக்கா கொடியிலிருந்து அதை எடுத்து, மேசையில் விரித்து, கொக்கியிலிருந்து கொக்கிவரை டேப்பை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். முகத்தில் திருடனைக் கையும் களவுமாகப் பிடித்த களை.

"டப்பால முப்பத்து நாலு. உள்ள முப்பது. நாலு அங்குலம் எங்க?"

"ஆனா எனக்குச் சரியா இருக்கே அக்கா."

"தீப்பு அடிச்சு ஏமாத்துறவன் பொருந்துற மாதிரிதான் அடிப்பான்."

அவ்வளவுதான். மறுநாள் காலை பசியாறுவதற்குள் செய்தி காஜா பேராங் முழுவதும் போய்விட்டது. நாநா டப்பாவுக்கு நாலு அங்குலம் திருடுகிறார். கட்டைவிரலில் கொடுப்பதைப் பாடியில் பிடித்துக்கொள்கிறார். ஏ வாங்கி இறுக்கத்தில் திண்டாடிய மகராசிகளுக்கு இப்போது காரணம் கிடைத்துவிட்டது. ஒருத்தி போன வருஷம் வாங்கிய துண்டும் குட்டையாகிவிட்டது என்றாள். இன்னொருத்தி தன் புருஷன் இடுப்பில் கட்டும் சாரம் முழங்காலுக்கு ஏறியதற்கும் நாநாதான் காரணம் என்றாள். பக்கத்துக் கம்போங் குடியிருப்பின் மலாக்காச் செட்டிப் பெண்கள் கெபாயாச் சட்டைக்குள் போட இந்த டப்பாக்களைத்தான் வாங்கியிருந்தார்கள். தலைமுறைகளாக மலாய் பேசி வளர்ந்த அவர்களுக்குத் தமிழ் வராது. அக்கா மலாயில் விளக்கினார். "பெத்துல் கா?" என்று வாயைப் பிளந்துவிட்டு, நிஜம்தானா என்று பார்க்க வீட்டுக்கு ஓடினார்கள்.

தீபாவளி நெருக்கத்தில் நாநா கடை வெறிச்சோடிப்போனது. ஜனங்கள் பஸ் ஏறிப் பண்டார் ஹிலிர் கடைகளுக்குப் போனார்கள். டப்பா வாங்கியது நான் அல்லவா? ஒரு சாயங்காலம் கடைக்குப் போனேன். நாநா ஆளில்லாத கடையில் கெஜக்கோலைப் புளி போட்டுத் துலக்கிக்கொண்டிருந்தார்.

"எங்க வாப்பா, ஒரு கட்டைவிரல் கூடக் குடுத்தா அல்லா கணக்கு பாக்கும்போது நாம தலைகுனிய வேணாம்னு சொல்லுவாரு, டீச்சர். நாலு அங்குலம் எடுத்தவன்னு பேரு வாங்கிட்டு நான் எந்த மொகத்தோட பள்ளிவாசலுக்குப் போறது? தீபாவளி முடிஞ்சதும் கடைய மூடிடலாம்னு இருக்கேன்."

தன் பக்கத்தை எடுத்துச் சொல்லவும் அவருக்கு வழியில்லை. சொல்ல வேண்டுமென்றால் பெண்களிடம் அந்தச் சாமானின் பெயரைச் சொல்ல வேண்டும். அதற்குக் கடையை மூடுவது அவருக்குச் சுலபமாக இருந்தது.

கோபத்தோடு வீட்டுக்கு வந்தேன். அக்காவிடம் பொரிந்து தள்ளினேன். உங்கள் டேப்பால் ஒரு நல்ல மனிதர் கடையை மூடப்போகிறார் என்றேன். அவர் கண்கள் சுருங்கின.

"ஓடப்பாக்குறாரு," என்றார். "ஓடுறதுக்குள்ள எல்லா டப்பாவையும் அளந்து மொத்தமாப் புடிக்கணும்."

மறுநாள் சனிக்கிழமை. நாநா கடையில் வெகுநாள் கழித்துக் கூட்டம், வாங்குவதற்கு அல்ல, வேடிக்கை பார்க்க. அக்கா நேராக உள்ளே போய்த் திரையை இழுத்துவிட்டு, டப்பாக்களைக் கொண்டுவந்து பிரிக்கச் சொன்னார். நான் பிரித்துக் கொடுக்கிறேன், அவர் அளக்கிறார். திரைக்கு வெளியே நாநா சுவரைப் பார்த்து நின்றார். முப்பத்திரண்டு என்று எழுதியதில் உள்ளே இருபத்தெட்டு. முப்பத்தாறில் முப்பத்திரண்டு. ஒவ்வொரு எண்ணுக்கும் வெளியே இருந்த பெண்கள் உச்சுக்கொட்டினார்கள். அக்காவின் குரல் மட்டும் போகப்போக இறங்கியது. இங்கிலீஷ் டப்பாக்கள் முடிந்ததும் டேப்பைக் கீழே வைத்துவிட்டார்.

"எல்லாத்துலயும் ஒரே நாலு அங்குலம். அதான் இடிக்குது."

"என்ன இடிக்குது?"

"திருடறவன் அவசரத்துல கூடக் கொறைய எடுப்பான், டீச்சர். இவ்வளவு ஒழுங்கா எவன் திருடுவான்?"

டச்சு டப்பாவை எடுத்தார். எழுபத்தைந்து என்று இருந்தது. எழுபத்தைந்து அங்குலத்துக்குப் பெண் கிடையாது, யானைதான் வேண்டும். "பள்ளிக்கூட அடிக்கோலோட மறு ஓரத்துல இருக்கிற கணக்கா இருக்கும் அக்கா, சென்டிமீட்டர்," என்றேன். அவர் என்னைப் பார்த்தார், டேப்பைப் பார்த்தார். எத்தனையோ பட்டுத் துணியில் தயங்காமல் ஓடிய கத்தரி அந்தக் கறுப்பு ரிப்பனின் தையலில் தயங்கித் தயங்கிப் போனது. உள்ளே எண்கள் புத்தம் புதிதாக, வெயில் படாமல் இருந்தன.

டச்சுப் பாடியை அளந்தார். எழுபத்தைந்துக்கு எழுபத்தைந்து. அதுதான் அவருக்கு எல்லாவற்றையும்விடச் சந்தேகமாக இருந்தது. "இவன் மட்டும் ஏன் உண்மை சொல்றான்?" என்றார். அடுத்து பிரெஞ்சுச் சரக்கில் தொண்ணூறு. உள்ளே எழுபத்தைந்து. பதினைந்து காணோம். கடைசியில் இங்கிலீஷ் முப்பத்து நாலு, டச்சு எழுபத்தைந்து, பிரெஞ்சு தொண்ணூறு மூன்றையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்து நுனியைப் பிடித்துத் தூக்கினார். மூன்றும் ஒரே நீளம். ஒரே பெண்ணுக்கு மூன்று நாட்டில் மூன்று எண்.

அக்கா என்னைத் திருப்பி நிறுத்தி, மார்பின் கீழே சுற்றி ஒருமுறை அளந்தார். முப்பது. மேலே சுற்றி அளந்தார். வழக்கமான முப்பத்து நாலும் சொச்சமும். ஸ்டூலில் உட்கார்ந்து விரல்விட்டுக் கூட்டிப் பார்த்தார். பிறகு தனக்குத்தானே சொல்வதுபோல மெதுவாகச் சொன்னார்.

"டச்சுக்காரன் கீழ அளந்தத அப்படியே எழுதிட்டான். இங்கிலீஷ்காரன் கீழ அளந்து, மேல வர்றதுக்கு நாலு அங்குலம் சேத்து எழுதுறான். பிரெஞ்சுக்காரன் பதினஞ்சு சென்டி சேத்து எழுதுறான். ஏ, பி, சி தரம் இல்ல. அந்த நம்பருக்கும் மேல வர்ற சொச்சம் எவ்வளவுன்னு சொல்றது. யாரும் எதையும் எடுக்கல."

இந்தக் கடைசி வார்த்தையைச் சொல்ல அவர் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். வாழ்நாளில் முதல்முறையாக ஒருவரும் ஏமாற்றவில்லை என்று கண்டுபிடித்திருக்கிறார். திரையை விலக்கிக்கொண்டு வெளியே போனார். நான் மன்னிப்புக் கேட்பார் என்று எதிர்பார்த்தேன்.

"நாநா, திரும்புங்க."

"அந்தச் சாமான் கையில இருக்காம்மா?"

"இல்ல. திரும்புங்க. கட்டைவிரல நீட்டுங்க."

நாநா பயந்துபோய் நீட்டினார். ஆண்பிள்ளை யாரையும் தொடாத அந்த டேப்பை அக்கா அவருடைய விரலின் குறுக்கே வைத்தார். எண்ணைப் பார்த்தார், பிறகு கூட்டத்தைப் பார்த்தார்.

"முக்கால் அங்குலம். கெஜத்துக்குக் கெஜம் இவ்வளவு கூடக் குடுக்குறாரு. எத்தன வருஷமா வாங்கிக் கட்டியிருக்கீங்க? நாலு அங்குலம் திருடணும்னு நெனைக்கிறவரு முக்கால் அங்குலத்த எதுக்குத் தூக்கிக் குடுக்கணும்? கணக்கு தப்பு. என் கணக்கு. இவரு அளவு சரி."

நாநா அளக்கப்பட்ட விரலை மறு கையால் பொத்திக்கொண்டு நின்றார். பிறகு முன்னால் நின்ற ஒருத்தி வெட்கத்தோடு ரவிக்கைத் துணி கேட்டாள். அவர் அளந்து, முடிவில் கட்டைவிரலை வைத்து, கத்தரியை இன்னும் கொஞ்சம் தள்ளிப் போட்டார். அந்தப் பெண்ணுக்கு முக்கால் அங்குலத்துக்கு மேலேயே கிடைத்தது.

அன்று மத்தியானமே அக்கா வீடு வீடாகப் புறப்பட்டுவிட்டார். தான் கலைத்த கூட்டத்தைத் தானே சேர்த்தாக வேண்டுமே. ஒவ்வொரு பெண்ணையும் மேலும் கீழும் அளந்து, "நீ இங்கிலீஷ்ல முப்பத்தாறு, டச்சுல எண்பது, பிரெஞ்சுல தொண்ணூத்தஞ்சு. எழுத்து சி. கழிவு இல்ல, தாராளம்," என்று மூன்று நாட்டுக் குடியுரிமையும் கொடுத்துவிட்டு வந்தார். இளவட்டங்கள் டச்சு எண்ணைப் பிடித்துக்கொண்டார்கள். மகராசிகளுக்குப் பிரெஞ்சு எண்தான் கௌரவமாக இருந்தது. எதிரும் புதிருமான வாசல்களிலிருந்து எண்கள் சாலையைத் தாண்டிப் பறந்தன. தீபாவளிக்குள் டப்பாக்கள் அத்தனையும் தீர்ந்தன. நாநா அந்த வாரம் முழுவதும் சுவரைப் பார்த்தபடியே வியாபாரம் செய்தார், ஆனால் சுவரைப் பார்த்துச் சிரித்துக்கொண்டு.

அக்கா திருந்திவிட்டார் என்று நினைத்துவிட வேண்டாம். ரொட்டி அளப்பது தொடர்ந்தது. டேப்பின் சென்டிமீட்டர் பக்கத்தை மூடவில்லை, அவ்வளவுதான். இரண்டு பக்கத்தையும் ஒன்றோடொன்று ஒத்துப்பார்க்க ஆரம்பித்ததால் சந்தேகம் இரண்டு மடங்கானது.

ஒன்றிரண்டு வருஷம் கழித்து எனக்குச் சிரம்பானில் மாப்பிள்ளை பார்த்தார்கள். மாப்பிள்ளையை அக்கா நம்பவில்லை என்பதைத் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. புறப்படும் நாளில் ஒரு ரவிக்கை தைத்துக் கையில் திணித்தார். எதற்கக்கா என்றேன். "நாநா கடத் துணி, அளவுக்கு மேல வந்துருச்சு. வீணாப் போகுதேனு தைச்சேன்," என்று சொல்லிவிட்டுக் கடைசியாக ஒருமுறை என்னை அளந்தார். அம்மாவுக்குக் காட்ட அத்தாட்சி.

சிரம்பானில் எனக்கு முதல் பிள்ளை உண்டானபோது ரவிக்கைகள் ஒன்றொன்றாகக் கைவிட்டன. அக்காவின் ரவிக்கையைக் கடைசியாக எடுத்தேன். பிரித்துவிட உள்ளே மடித்த துணி இருக்காது என்று தெரியும். இருந்தாலும் கை தன்பாட்டில் தையலைத் தடவியது. இரண்டு பக்கமும் துணி மடித்து விடப்பட்டிருந்தது. கட்டைவிரலைப் படுக்க வைத்துப் பார்த்தேன். நாநாவின் அளவு, இம்மி பிசகாமல்.

ரவிக்கையை மடியில் வைத்துக்கொண்டு அழுதேன். எனக்கு அவரை அவ்வளவு பிடிக்கும் என்று அதுவரை எனக்கே தெரியாது. உலகத்தில் எதையும் நம்பாத அந்த மனுஷி, போன இடத்தில் நான் வயிறாரச் சாப்பிட்டு நன்றாக இருப்பேன் என்பதை மட்டும் நம்பித் தைத்திருக்கிறார்.